அடிநாட்டாரின் படிக்கும் பெட்டி

சுரங்கத்துக்கு அடியில் ஒரு தேசம் இருக்கிறது என்று முதலில் சொன்னது நானா, என் மகளா? எவ்வளவு யோசித்தும் இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை. நான்தான் சொன்னேன் என்றால், இல்லாத ஒன்றைப் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுத்த தாயாகிறேன். அவள்தான் சொன்னாள் என்றால், அதைக் கேட்டுத் தலையாட்டிய தாயாகிறேன். இரண்டில் எது குறைந்த தப்பு என்று யோசிக்க உட்கார்ந்தால் அடுப்பில் சோறு குழைந்துவிடுகிறது.

நாங்கள் மாரிகுப்பத்துக்கு வந்தபோது அவள் நடக்கத்தான் பழகியிருந்தாள். என் கணவருக்குத் தங்கச் சுரங்கத்தின் இறங்குகுழியான ஷாப்டில் வேலை. கேஜ் என்கிற இரும்புக் கூண்டில் இறங்கிப் போய்க் கீழே ஒரு தளத்தில், லெவல் என்பார்கள், நிற்பார். கூண்டில் ஏறியிருப்பது ஆளா, கல்லா என்று பார்த்துப் பெல் கயிற்றை இழுப்பார். மேலே இயந்திரக் கொட்டகையில் இருப்பவர் அந்தப் பெல்லை எண்ணிப் பார்த்துத்தான் கூண்டைத் தூக்குவார், இறக்குவார், நிறுத்துவார். பெல் அடிக்காமல் ஷாப்டில் எதுவும் அசையாது. எங்கள் தொழிலாளர் லைன் வீடுகளில் பால்குடி மறக்காத பிள்ளைக்குக்கூட இது தெரியும்.

எங்கள் வீட்டுக்கு மூங்கில் தட்டிச் சுவர், தகரக் கூரை. பூமிக்குள் வெடி வைக்கும்போதெல்லாம் அடுக்கியிருக்கும் தட்டுகள் ஒன்றோடொன்று இடித்துக்கொள்ளும். மகள் ஓடி வந்து என் முழங்காலைக் கட்டிக்கொள்வாள். அப்பா அங்கேதானே இருக்கிறார் என்ற பயம் அவளுக்கு. எனக்கும் அதே பயம்தான், ஆனால் நான் யாருடைய முழங்காலைக் கட்டிக்கொள்வது? அப்படி ஒரு நாள்தான், ‘கீழே இருக்கிறவர்கள் கதவைச் சாத்துகிறார்கள்’ என்ற பேச்சு எங்கள் இருவரில் யாரோ ஒருவர் வாயிலிருந்து வந்தது. அன்று முதல் வெடிச்சத்தம் கேட்டால் அவள் அழுவதில்லை. “மெதுவா சாத்துங்க!” என்று தரையைப் பார்த்துக் கத்துவாள்.

அந்த ஊருக்கு அடிநாடு என்று பெயர் வந்தது. நம் ஆட்கள் கீழ்நோக்கித் தோண்டுவதுபோல் அவர்கள் மேல்நோக்கித் தோண்டுகிறார்கள். அவர்களுக்குத் தங்கம் என்பது நமக்குச் செங்கல்போல. உடைந்துபோனதை மேலே எறிந்துவிடுகிறார்கள், அதைத்தான் நாம் தேடி எடுக்கிறோம். அப்படியானால் அவர்கள் எதைத் தேடி மேலே தோண்டுகிறார்கள் என்று கேட்டேன். “ஊறுகா” என்றாள், யோசிக்காமலே.

ஒரு மாலை ஜெபத்துக்காக விளக்கடியில் வேதப்புத்தகத்தைப் பிரித்திருந்தேன். “அம்மா, அடிநாட்ல ஒரே இருட்டாச்சே. அவங்க எப்டிப் படிப்பாங்க?” என்று கேட்டாள். அடுப்பில் ரசம் பொங்கி வரும் நேரம். கண் அங்கே இருக்க, வாய் மட்டும் பதில் சொன்னது. “அவங்களுக்குப் படிக்க ஒரு கருவி இருக்கு. எழுத்தை உள்ளே போட்டால் சத்தமாய் வெளியே வரும்.”

ரசம் பொங்கவில்லை. பொங்கியது அந்தக் கருவிதான். அடுத்த சில நாட்களில் வீட்டில் வேறு பேச்சே இல்லை. அடிநாட்டார் பொன் தகட்டில் எழுத்தைக் குத்திக் குத்தி எழுதுவார்கள். பெட்டியின் வாயில் தகட்டைச் செருகிப் பிடியைச் சுற்றினால், உள்ளே இருக்கும் பற்கள் எழுத்தைத் தடவிப் பார்க்கும். எந்தப் பல் எதைத் தொட்டதோ அதற்குரிய சத்தம் வெளியே வரும். இவ்வளவு நான் சொன்னது. சட்டதிட்டங்கள் எல்லாம் அவளுடையவை. ஒவ்வோர் எழுத்தும் வருவதற்கு முன் ஒரு பெல் அடிக்கவேண்டும், ஏனென்றால் கீழிருந்து எதுவும் பெல் இல்லாமல் மேலே வராது. எழுதியிருப்பதைத்தான் பெட்டி சொல்லும், எதையும் விட்டுவிடாது. ராஜாவைத் திட்டி எழுதியிருந்தால் ராஜாவுக்கு எதிரிலேயே திட்டும். “பெட்டிக்கு வெக்கம் கெடையாதும்மா” என்றாள். அந்தச் சொல்லை நான் அப்போதே கவனித்திருக்க வேண்டும்.

என் கணவருக்கு இதெல்லாம் நல்ல வேடிக்கை. “அப்போ அந்த ஊர்ல பொண்டாட்டிங்க எழுதிதான் போடுவாங்களா? வாயத் தொறந்து பேசமாட்டாங்களா? நான் அங்கயே இருந்துட்றேன்” என்றார்.

“எழுதிக்கொண்டே இருப்பார்கள். பெட்டியை நிறுத்தவே முடியாது” என்றேன்.

பௌரிங்பேட்டை ஜங்ஷனில் ஒருவன் பாட்டுப் பாடும் யந்திரம் வைத்துக் காட்டியதைப் பார்த்துவிட்டு வந்து, “உன் பெட்டி வந்துட்ச்சி கண்ணு” என்று அவர் மகளிடம் சொன்னார். அவள் முழுவதும் விசாரித்தாள். யாரோ முன்பே பாடியதைத்தான் அது திருப்பிப் பாடுகிறது என்று தெரிந்ததும் உதட்டைப் பிதுக்கினாள். “அது கிளி, நைனா. நம்ம பெட்டி படிச்ச பெட்டி.”

இவ்வளவு பேசுகிற பிள்ளை, வீட்டு வாசலைத் தாண்டினால் வாயைத் திறக்கமாட்டாள். சபையில் மற்றப் பிள்ளைகள் வசனம் சொல்லும்போது இவள் என் சேலைத் தலைப்பை மென்றுகொண்டு நிற்பாள். பெயர் என்ன என்று யாராவது கேட்டால் என் முகத்தைப் பார்ப்பாள். வளர்ந்தால் சரியாகிவிடும் என்று ஒரு நாள் நினைப்பேன். நான் அதட்டி வளர்த்ததால்தான் இப்படி என்று மறுநாள் நினைப்பேன்.

இதற்கு நடுவில்தான் குடியாத்தம் பக்கத்துக் கிராமத்தில் இருக்கும் என் நாத்தனார் செய்தி சொல்லி அனுப்பினார். அவருக்குப் பிள்ளை இல்லை. ‘கல் அரைக்கும் மில்லின் தூசியில் குழந்தை இருமிக்கொண்டே இருக்கிறாளாம். இங்கே அனுப்புங்கள், கொஞ்ச வருஷம் நான் வளர்க்கிறேன்’ என்பது செய்தி. அன்பாகச் சொன்னதுதான். இருமலும் உண்மைதான். என் கணவர் வெகு நேரம் யோசித்துவிட்டு, “பள்ளிக்கூடத்துல சேத்துக்கினா இங்கயே இருக்கட்டும். சேக்கலன்னா அக்காகிட்ட உட்டுடலாம். சும்மா ஊட்ல உக்காந்துகினு எதுக்கு தூசி துன்னணும்?” என்றார். நியாயமான பேச்சு. அன்று எனக்குச் சாப்பாடு மட்டும் இறங்கவில்லை.

எங்கள் பகுதி மிஷன் பள்ளி ஒரே அறை. எழுத்தே தெரியாத சின்னப் பிள்ளைகளுக்கு அந்த வருஷம் இடமில்லை. முதல் பாடப் புத்தகத்தை வாய்விட்டு வாசிக்கிற பிள்ளையானால் மட்டும் சேர்த்துக்கொள்வதாகப் பள்ளி அம்மாள் சொல்லியிருந்தார். நான் சிலேட்டையும் பலப்பத்தையும் எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். நான் படித்தவள், வேலூரில் விடுதியில் தங்கிப் படித்தவள், என் பிள்ளைக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்க எனக்குத் தெரியாதா?

“எனக்கு வேணாம்” என்றாள் மகள். “அடிநாட்ல யாரும் படிக்கறதில்ல. பெட்டிதான் படிக்கும்.”

கெஞ்சினேன். வெல்லம் காட்டினேன். கதை வேறு, பாடம் வேறு என்று விளக்கினேன். கடைசியில் அப்படி ஒரு பெட்டியே கிடையாது என்று சொல்லிவிட்டேன். அந்த நேரம் பார்த்து ஷிப்ட் முடிந்து வந்த என் கணவர், “இன்னாது, கெடையாதா? இன்னிக்கிக்கூட லெவல்ல நின்னுகினு கேட்டனே. யாரோ லெட்டர் போட்டுகினு இருந்தாங்க” என்றார். மகள் என்னைப் பார்த்த பார்வையை விவரிக்க விரும்பவில்லை.

அதன்பின் அவள் பெட்டி கட்டினாள். வெடிமருந்து வருகிற மரப்பெட்டிகள் காலியானதும் எங்கள் லைனில் எல்லோர் வீட்டுக்கும் வந்துவிடும். உட்கார அதுதான், துணி வைக்க அதுதான், அவளுக்குப் பின் பிறந்த என் கைக்குழந்தை படுப்பதும் அதில்தான். இருப்பதில் பெரியதைக் கவிழ்த்து, ஒரு பக்கப் பலகையை அப்பாவிடம் சொல்லி எடுக்கச் செய்து, அந்தப் பக்கம் ஒரு கோணியைத் தொங்கவிட்டாள். கோணியில் ஒரு கிழிசல், அதுதான் வாய். உள்ளே ஒரு கிருஷ்ணாயில் டின், பெல்லுக்காக. லைன் பிள்ளைகள் புளிய இலை, துணிக்கிழிசல், காகிதம் என்று கிடைத்ததையெல்லாம் வாயில் செருகுவார்கள். டின் ‘டங்’ என்னும். பிறகு ஒரு சத்தம் வரும். கோழி, ரயில், மில், என் தும்மல். பெட்டியை நான் மூலையில் வைக்கச் சொன்னேன். அவ்வளவுதான் என்னால் முடிந்தது.

அந்த மூலைக்குப் பக்கத்தில்தான் மத்தியான வேளையில் அடுத்த வீட்டு அக்காவுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுப்பேன். அவர் ஒருமுறை பௌரிங்பேட்டையில் வண்டி மாறும்போது தப்பு ரயிலில் ஏறி, மாலூரில் இறங்கி அழுதவர். “ஊரு பேரயாவது நானே படிக்கணும் வாத்தியாரம்மா” என்று அவராகவே கேட்டு வந்தார். வயதில் மூத்தவர், ஆனால் என்னை வாத்தியாரம்மா என்றுதான் கிண்டலாகக் கூப்பிடுவார். பெற்ற பிள்ளை படிக்க மறுத்த கோபத்தையெல்லாம் சேர்த்துவைத்து அவருக்குச் சொல்லிக்கொடுத்தேன். ஒவ்வோர் எழுத்தையும் உரக்கச் சொல்லி, பத்துத் தடவை சொல்லவைத்து, புத்தகத்தைப் பக்கம் பக்கமாக முடித்தோம். பெட்டிக்குள் மகள் ஏதோ முணுமுணுத்துக்கொண்டிருப்பாள். அங்கேயும் கோழிதான் என்று நினைத்தேன்.

ஒரு மத்தியானம் லைனைச் சுத்தமாக வைத்துக்கொள்வது பற்றி அச்சிட்ட தாள் ஒன்றை வீடு வீடாகக் கொடுத்துவிட்டுப் போனார்கள். நான் குழாயடியில் இருந்தேன். அக்கா மாவு பிசைந்துகொண்டிருந்தார். என் கணவர் இரவு ஷிப்ட் முடித்து வந்து திரும்பிப் படுத்திருந்தார். திடீரென்று விடாமல் பெல் அடிக்கத் தொடங்கியது. டங் டங் டங் டங் என்று நிற்காமல். ஷாப்டில் பெல் அப்படி ஓயாமல் அடித்தால் கீழே ஆபத்து என்று பொருள். வேறு ஊராயிருந்தால் யாரோ டின் தட்டுகிறார்கள் என்று நினைத்திருப்பார்கள். எங்கள் லைனில் யாரும் நினைக்கவில்லை. எல்லாப் பெண்களும் ஷாப்டைப் பார்த்து ஓடினோம். அக்காவின் வீட்டுக்காரர் அந்த ஷிப்டில் கீழே இருந்தார். அக்கா மாவுக் கையோடு முன்னால் ஓடினார். அவரையும் தாண்டி, வேட்டியை ஒரு கையில் பிடித்தபடி என் கணவர் ஓடினார்.

ஷாப்ட் வாயில் நின்ற ஆள் எங்களைப் பார்த்து விழித்தான். “இன்னாயா, ஊட்டுக்குப் போனவன் திரும்பி வந்துகினு கீற?”

“கீழ இன்னா ஆச்சி?” என்றார் என் கணவர், மூச்சு வாங்க.

“கீழ ஒண்ணும் ஆகல. உங்க லைன்லதான் எவனோ டின்ன ஒடைக்கிறான். காது கேக்கல?”

எல்லோரும் காதைத் தீட்டினோம். சத்தம் எங்களுக்குப் பின்னாலிருந்துதான் வந்தது.

“நீ ஏன்யா ஓடியாந்த?” என்று அக்கா என் கணவரைப் பிடித்துக்கொண்டார். “உனக்கு இன்னாவோ ஆய்ட்ச்சின்னு நீயே பாக்க வந்தியா?”

பெண்கள் சிரித்த சிரிப்பு மில் சத்தத்தை அமுக்கியது. எனக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. அந்தப் பெட்டியை இன்றே விறகாக்கிவிடுவது என்று முடிவு செய்துகொண்டு நடந்தேன். குழாயடியில் விட்ட குடத்தை எடுத்துக்கொண்டு கடைசியாகத்தான் வீட்டுக்கு வந்து சேர்ந்தேன். முன்னாலேயே வந்துவிட்ட அக்கா, கோணியை விலக்கி ஓர் அடி வைக்கக் கையை ஓங்கியவர், அப்படியே பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்து வாயில் விரலை வைத்தார். விரலில் மாவு.

டங். “கு.” டங். “ப்.” டங். “பை.” இப்படியே கொஞ்ச தூரம் போனது. பிறகு சேர்ந்து வந்தது. “குப்பையைத் தெருவில் கொட்டக் கூடாது.”

“என்னத்தான் சொல்லுது பாரு” என்று அக்கா கிசுகிசுத்தார்.

எழுத்துக்கு ஒரு பெல் என்பது அவள் சட்டம். எப்போதும் வருவது ஓர் இலை, ஒரு கிழிசல். அன்றைக்கு வந்தது ஒரு முழுத்தாள். அவ்வளவுதான் நடந்தது. யாரோ சொன்னதை மனப்பாடமாக ஒப்பிக்கிறாளோ என்று எனக்குச் சந்தேகம். சிலேட்டை எடுத்து, ‘இன்றைக்கு ரசம் வைக்கட்டுமா’ என்று எழுதிக் கிழிசலில் செருகினேன். பெட்டி நிதானமாகப் படித்தது. முடித்துவிட்டு, “வேணாம். கொழம்பு” என்றது.

“எழுதினததான் படிக்கும்னு சொன்ன? பெட்டி பதில்கூட சொல்லுமா?” என்று என் கணவர் கேட்டார்.

“நைனாவ வெளிய போவச் சொல்லுங்க” என்றது பெட்டி.

அக்காவுக்குச் சொல்லிக்கொடுத்ததையெல்லாம் அவள் உள்ளிருந்து வாங்கிக்கொண்டிருக்கிறாள். அக்காவுக்கு இது கொஞ்சம் முன்பே தெரியும் என்பது அப்புறம்தான் வெளியே வந்தது. மறந்துபோன எழுத்தை என்னிடம் கேட்கக் கூச்சப்பட்டு, நான் உள்ளே போகும்போது சிலேட்டைப் பெட்டியில் காட்டிக் கேட்டுக்கொள்வாராம். “உன்னமாதிரி முறைக்காது வாத்தியாரம்மா. அதான்” என்றார். டின்னை மட்டும் லைன் பெண்கள் சேர்ந்து பறிமுதல் செய்தார்கள். அன்று முதல் பலகையில் விரலால் ஒரு தட்டு, அதுதான் பெல்.

பள்ளிக்கு அழைத்துப் போன நாளில் தலைக்கு எண்ணெய் வைத்து, புதுப் பாவாடை கட்டி, வழியெல்லாம் ஜெபம் செய்துகொண்டே போனேன். பள்ளி அம்மாள் புன்னகையோடு புத்தகத்தை நீட்டினார். மகள் புத்தகத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், என் தலைப்பை எடுத்து வாயில் வைத்துக்கொண்டாள். அவ்வளவுதான். பள்ளி அம்மாள் பொறுமையாகக் காத்திருந்தார். பின்னால் பிள்ளைகள் நெளியத் தொடங்கினார்கள்.

“பரவாயில்லையம்மா. அடுத்த வருஷம் அழைத்து வாருங்கள்” என்றார்.

பெரியவர்கள் சொன்னதற்கு மறுபேச்சுப் பேசி எனக்குப் பழக்கமில்லை. ஆனால் கண்முன்னால் குடியாத்தம் ரயில் கிளம்பிக்கொண்டிருந்தது. “அவளுக்குப் படிக்கத் தெரியும் அம்மா. பெட்டி இருந்தால் படிப்பாள்” என்றேன். சொன்ன பிறகுதான் அது எப்படிக் கேட்டிருக்கும் என்று உறைத்தது. பள்ளி அம்மாள் என் நெற்றியைத் தொட்டுப் பார்ப்பதுபோல் பார்த்தார். ஜன்னலுக்கு வெளியே தலைப்பாகையைக் கையில் வைத்துக்கொண்டு நின்ற என் கணவரை அப்புறம் காணவில்லை. திரும்பி வந்தபோது பெட்டி அவர் தலையில் இருந்தது.

“ஐயோ, இது மருந்துப் பெட்டியல்லவா? வெடித்துவிடாதா?”

“காலிப் பெட்டிங்கம்மா. உள்ள போவப்போற ஆளுதான் வெடிப்பா.”

மகள் நுழைந்துகொண்டாள். கோணி விழுந்தது. பள்ளி அம்மாள் புத்தகத்தைக் கிழிசலில் கொடுத்தார். ஒன்றும் வரவில்லை. நான் தொண்டையைச் செருமி, “தட்டவேண்டும் அம்மா. பெல்” என்றேன். பள்ளி அம்மாள் வகுப்பை ஒருமுறை பார்த்துவிட்டு, மிகுந்த மரியாதையோடு பலகையில் ஒரு தட்டுத் தட்டினார்.

பெட்டி படித்தது. முதல் பாடம், இரண்டாம் பாடம், பள்ளி அம்மாள் வேண்டுமென்றே நடுவில் பிரித்த ஒரு பாடம், எல்லாம் படித்தது. இறுதியில் யாரும் செருகாமலே, “போதுமா?” என்று கேட்டது. பள்ளி அம்மாள் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார். பெயர் எழுதிக்கொண்டார். ஆனால் ஒரு நிபந்தனை. “பெண்ணின் பெயரை எழுதலாம், பெட்டியின் பெயரை எழுத முடியாதம்மா. கோடை விடுமுறைக்கு முன்னால் அவள் வெளியே நின்று, வகுப்பைப் பார்த்து வாசிக்கவேண்டும். இல்லாவிட்டால் இடத்தை வேறு பிள்ளைக்குக் கொடுக்கவேண்டி வரும்.”

இப்போது பெட்டி பள்ளியில் இருக்கிறது. மற்றப் பிள்ளைகளும் அதற்குள்ளிருந்துதான் வாசிப்பேன் என்று வரிசையில் நிற்கிறார்களாம். வீட்டுக்கு அப்பா இன்னொரு பெட்டி கொண்டுவந்துவிட்டார். மகள் படித்துக்கொண்டே இருக்கிறாள், சோப்பு சுற்றி வந்த காகிதம் முதல் வேதப்புத்தகம் வரை. ஆனால் வெளியே வந்தால் ஒரு வார்த்தை கிடையாது. நாத்தனாருக்குக் கோடையில் சொல்கிறோம் என்று சொல்லி அனுப்பியிருக்கிறோம். கோடைக்கு அதிக நாளில்லை.

என் கணவர் வீட்டுப் பெட்டியின் மேல்பலகையை எடுத்துவிட்டார். உச்சந்தலை தெரியப் படிக்கிறாள். வாரத்துக்கு ஒரு பலகையாக எடுத்துக்கொண்டே போனால், ஒரு நாள் பெட்டி இருக்காது, பெண் இருப்பாள் என்பது அவர் கணக்கு. ஆனால் கோணியைத் தொட்டவுடன் வாய் மூடிக்கொள்கிறது. பள்ளி அம்மாள், ஒரே நாளில் எடுத்துவிடுங்கள், இரண்டு நாள் அழுவாள், பிறகு சரியாகிவிடும் என்கிறார். அக்காவோ, “இருந்துட்டுப் போவட்டும் உடு. கேஜ் இல்லாம யாருனா ஷாப்ட்ல எறங்குவாங்களா?” என்கிறார். காலையில் பள்ளி அம்மாள் சொல்வது சரி என்று தோன்றுகிறது. மத்தியானம் என் கணவர். சாயங்காலம் அவள் பள்ளி விட்டு ஓடி வந்து பெட்டிக்குள் நுழைந்து படிக்கிற சந்தோஷத்தைக் கேட்கும்போது அக்கா.

இதைப் பத்திரிகையில் வாசிக்கிற சகோதரிகளே, கூச்சமுள்ள பிள்ளையை நீங்கள் வளர்த்திருப்பீர்கள், அல்லது நீங்களே அப்படி ஒரு பிள்ளையாக இருந்திருப்பீர்கள். பலகை பலகையாக எடுப்பதா, ஒரே நாளில் எடுப்பதா, விட்டுவிடுவதா? உங்களுக்கு எது பலித்தது என்று விடுமுறைக்கு முன்னால் எனக்கு எழுதுங்கள். எழுத்தைக் கொஞ்சம் பெரிதாகவும் பிரித்தும் எழுதுங்கள். இந்த வீட்டுக்கு வருகிற எதையும் முதலில் படிப்பது அவள்தான். ஆகவே அவளைக் குறை சொல்வதாக இருந்தால், தயவுசெய்து நயமாகச் சொல்லுங்கள்.